மாமா வெட்டிய பாட்டுகள்

மகள் நகத்தில் பூசியிருந்த சாயத்தைத் துடைக்கப் போத்தலைத் திறந்தேன். சின்ன வயதில், கிளிநொச்சிப் படக்கொட்டகையில் மாமா பிலிம் ஒட்டும் பசையின் அதே மணம்.

இரவில் காட்டு யானை ரோட்டில் இறங்குமுன் படம் பார்க்க வந்த சனம் வட்டக்கச்சி ஊருக்குப் போய்ச் சேரவேண்டுமென்று, மாமா பாட்டுகளை வெட்டி, எச்சில் தொட்டுச் சுரண்டி, பசை தடவி, ஊதி, பெருவிரலால் அழுத்தி, சத்தம் அறுந்தது காதுக்குத் தெரியாதபடி படத்தை ஒட்டுவார். அதைக் கவனித்த கொழும்பு ஸ்ரூடியோக்காரர் ஒருவர் படத்தொகுப்பு வேலைக்கு அவரைக் கூப்பிட்டார்.

"போகட்டே அக்கா?" என்று மாமா அம்மாவிடம் கேட்டார்.

"யானைக்குப் பயந்து பாட்டு வெட்டுறவனுக்குக் கொழும்பில என்னடா வேலை? வயலைப் பார்" என்றார் அம்மா.

மாமா சிரித்துக்கொண்டே வயலுக்குப் போனார். கொட்டகையும் அடுத்த மாரியோடு இல்லாமல் போயிற்று.

அவரைப் போகவிடவில்லையே என்று அம்மாமீது எனக்கு நெடுநாள் கோபம். இப்போது என் மகள் படலையைத் தாண்டினாலே திரும்பக் கூப்பிட்டுவிடுகிறேன்.