அடித்தல் திருத்தல்

காலை ஏழு மணிக்கு அவர் பேனா மூடியைக் கழற்றிவிட்டால் அதன் பிறகு எந்தத் தாளும் தப்பாது. முதலில் செய்தித்தாளின் தலையங்கம். அதில் இருக்கும் ‘மிகவும்’ அத்தனையையும் சிவப்பு மையால் வெட்டித் தள்ளுவார். அடுத்தது, நண்பர்கள் கையெழுத்துக் கேட்டு அனுப்பிய கண்டன அறிக்கை. “வன்மையாகக் கண்டிக்கிறோம்னு எழுதியிருக்கான். சண்டை வந்தா முதல்ல ஓடுற ஆளு இவன்” என்று முணுமுணுத்துக்கொண்டே ‘வன்மையாக’வை அடிப்பார். அதுவும் முடிந்தால், மேசைமேல் கிடக்கும் மாத்திரை அட்டையைப் புரட்டி, அதில் அச்சாகியிருக்கும் எச்சரிக்கையை முறைத்துப் பார்ப்பார்.

அச்சகத்தில் மெய்ப்புத் திருத்துபவராகத்தான் தொடங்கினார். பதினோரு வருஷம் பிறருடைய எழுத்தைத் திருத்திய பின், பிறருடைய கருத்தையும் திருத்தினால் என்ன என்று தோன்றிவிட்டது. வாசகர் கடிதம் எழுதினார்; அது வாரப் பத்தியாயிற்று; பத்தி மேடையாயிற்று; மேடை தொலைக்காட்சியில் கொண்டுபோய் உட்காரவைத்தது. திரையில் அவர் முகத்துக்குக் கீழே ‘அரசியல் விமர்சகர், சமூகச் செயற்பாட்டாளர்’ என்று ஓடும். நண்பர்கள் வட்டத்தில் அவருக்குப் பெயர் ‘திருத்தம்’. அது அவர் காதுக்கும் வந்திருக்கிறது. சீர்திருத்தத்தைத்தான் செல்லமாகச் சுருக்கிவிட்டார்கள் என்று நினைத்துக்கொண்டிருக்கிறார்.

கோழை என்று அவரைச் சொல்ல முடியாது. பெரிய இடத்துக்கு எதிராக எழுதி இரண்டு முறை பத்தியை இழந்தவர். ஊர்வலம் போய்க் கைதும் ஆகியிருக்கிறார். ஒரு பள்ளி மைதானத்தில் அரை நாள் உட்காரவைத்து, ஆளுக்கு நாலு பிஸ்கட் கொடுத்து, சாயங்காலம் வீட்டுக்கு அனுப்பினார்கள். இப்போது அந்தக் கதை “நான் உள்ள இருந்தப்போ” என்று ஆரம்பிக்கிறது. பிஸ்கட்டை வெட்டிவிட்டார்.

பழைய நூலகக் கட்டடத்தை இடிக்கப்போகிறார்கள் என்ற செய்தி வந்தபோது, மனு எழுதும் பொறுப்பை அவரிடம் கொடுத்தார்கள். மனுவின் மூன்றாவது படியைத் திருத்தி முடிப்பதற்குள் கூரையைப் பிரித்துவிட்டார்கள். ஆறாவது படியில் சுவர் போயிற்று. ஒன்பதாவது படி முடிந்தபோது குறை சொல்ல முடியாத ஒரு மனு கையில் இருந்தது. எதிரே வெறும் மனை இருந்தது. அந்த இழப்பைப் பற்றி அவர் எழுதிய கட்டுரைக்குப் பரிசு கிடைத்தது.

கல்லூரியில் பாடம் நடத்தும் அவருடைய மனைவி இதெல்லாம் பட்டுத் தெளிந்தவர். “என் இடமாறுதல் விண்ணப்பத்தையும் ஒரு தடவை திருத்திக் கொடுத்தாரு. பன்னெண்டு வருஷமா அதே கல்லூரியில நிம்மதியா இருக்கேன்” என்பார். அதன் பிறகு மளிகைச் சீட்டைக்கூட அவர் கண்ணில் காட்டுவதில்லை.

சமையலுக்கு வரும் அம்மாவுக்கு இந்த வரலாறு தெரியாது. ஏழு வருஷமாக வருகிறார். அவரை ‘நீங்க’ என்றுதான் திருத்தம் அழைப்பார். அப்படி அழைப்பதை வருகிறவர் போகிறவரிடமெல்லாம் சொல்லவும் செய்வார். தன்னையும் பெயர் சொல்லிக் கூப்பிடவேண்டும் என்று ஆரம்பத்திலேயே வற்புறுத்தினார். அந்த அம்மா ஒரே ஒரு நாள் முயன்று பார்த்தார். “பேரைச் சொல்லி, காபி ஆறுதுன்னேன். எனக்கே சிரிப்பு தாங்கல. சார்னே இருந்துட்டுப் போகட்டும்க்கா” என்று மனைவியிடம் முறையிட்டு விடுதலை வாங்கிக்கொண்டார்.

விடுமுறை விஷயத்திலும் திருத்தம் தாராளம்தான். “எப்ப வேணும்னாலும் கேளுங்க, எடுத்துக்கோங்க. நமக்குள்ள என்ன?” என்பார். இதுவரை யாரும் கேட்கவில்லை. ஆகவே இதுவரை யாரும் எடுக்கவில்லை.

போன திங்கட்கிழமை அந்த அம்மா ஒரு படிவத்தோடு வந்தார். வீட்டு வேலை செய்கிறவர்களுக்கான நல வாரியத்தில் சேருவதற்கு, வேலை கொடுப்பவர் நிரப்பிக் கையெழுத்திட வேண்டிய படிவம். சேர்ந்தால் ஓர் அட்டை தருவார்கள். அட்டை இருந்தால் பெரிய ஆஸ்பத்திரியில் முட்டி ஆபரேஷனைக் காசில்லாமல் செய்துகொள்ளலாம். மூன்று மாடி ஏறி வரும்போது ஒவ்வொரு திருப்பத்திலும் நின்று, கைப்பிடியைப் பற்றிக்கொண்டு முட்டியோடு பேசிவிட்டுத்தான் அவர் மேலே வருகிறார். வெள்ளிக்கிழமை ஐந்து மணிதான் கெடு.

“இப்படி ஒரு வாரியம் வேணும்னு முதல்ல எழுதினதே நான்தான், தெரியுமா?” என்றார் திருத்தம். அதில் பொய் இல்லை.

“அப்ப ஒரு கையெழுத்துப் போட்டுடுங்க சார்.”

படித்தார். முகம் சுருங்கியது. ‘குடும்பத் தலைவர்’ என்று இருந்தது. “இந்தக் காலத்துல என்னங்க தலைவர்?” என்று அதை அடித்தார். ‘வேலைக்கு வைத்திருப்பவர்’ என்று இருந்தது. “வைத்திருக்கிறதுக்கு நீங்க என்ன சாமானா?” என்று அதையும் அடித்து, பக்கத்தில் ‘உடனிருப்பவர்’ என்று எழுதினார். ஓரத்தில் வாரியத்துக்கு மூன்று ஆலோசனைகளைச் சேர்த்துவிட்டு, வியாழக்கிழமை பெருமிதத்தோடு நீட்டினார்.

வெள்ளி காலை வாரிய அலுவலகத்தில் இருந்த பெண் அதைத் தொடவே இல்லை. தலைப்பில் கொட்டை எழுத்தில் இருந்ததைச் சுட்டிக்காட்டினாள்: அடித்தல் திருத்தல் கூடாது.

பகல் மூன்றரை மணிக்கு, வேறொரு படிவத்தோடு அந்த அம்மா மூன்று மாடி ஏறி வந்தார். நாற்காலியைக் காட்டியும் உட்காரவில்லை.

“சார், இதுல எதையும் வெட்டாதீங்க. கட்டத்துல என்ன கேட்டிருக்கோ அதை மட்டும் எழுதுங்க. கட்டம் காலியா இருந்தாலும் வாங்கமாட்டாங்களாம். இதுதான் அவங்ககிட்ட இருந்த கடைசித் தாளு.”

“இப்பவாவது எழுதிக் கொடுங்களேன். உங்க நூலகத்துக்கு ஒன்பது படி எழுதினீங்க, அவங்களுக்கு ரெண்டே ரெண்டு முட்டிதான்” என்றார் மனைவி.

திருத்தம் பேனாவைத் திறந்தார். குடும்பத் தலைவர் என்ற இடத்தில் பல்லைக் கடித்துக்கொண்டு தன் பெயரை எழுதினார். எத்தனை வருஷம் என்ற கட்டத்தில் ஏழு. வேலை நேரம் என்ற கட்டத்தில் கை நின்றது.

“காலையில எத்தனை மணிக்கு வர்றீங்க?”

“ஆறுக்கு. சாயங்காலம் போறப்ப ஆறரை ஆயிடும்.”

மனதுக்குள் கூட்டிப்பார்த்தார். எட்டு மணி நேரத்துக்கு மேல் யாரையும் வேலை வாங்கக் கூடாது என்று போன மாதம்தான் தொலைக்காட்சியில் மேசையைத் தட்டியிருந்தார். “நடுவுல சும்மாவும் இருப்பீங்க இல்ல?” என்று கேட்டுப் பார்த்தார். அந்த அம்மா கடிகாரத்தைப் பார்த்தார். திருத்தம் உள்ளதை உள்ளபடியே எழுதினார். அதுவரையில் அவர் நாணயமானவர்.

அடுத்த கட்டம், வார விடுமுறை. ‘இல்லை’ என்று தன் கையெழுத்தில் எழுதுவதைக் கற்பனை செய்து பார்த்தார், முடியவில்லை. ‘ஞாயிறு’ என்று எழுதினார். எழுதி முடித்ததும் அவருக்கே நெஞ்சு நிறைந்துவிட்டது. கீழே கையெழுத்திட்டு, “இனிமே ஞாயித்துக்கிழமை நீங்க வரக் கூடாது. இது உங்க உரிமை” என்று மேடைக் குரலில் அறிவித்தார்.

“நிசமாவா சார்?”

“எழுதியாச்சே!”

“அப்ப நாளன்னிக்கி?” என்றார் மனைவி. “உழைப்பும் ஓய்வும்னு ஏதோ கலந்துரையாடல்னு இருபத்திரண்டு பேரை நம்ம வீட்டுக்குத்தானே வரச் சொல்லியிருக்கீங்க? மத்தியானச் சாப்பாட்டோட.”

மூடப்போன பேனாவைத் திருத்தம் மறுபடியும் திறந்தார்.

“அடுத்த வாரத்திலேருந்துன்னு ஒரு வார்த்தை, சின்னதா…” என்று சொல்லிக்கொண்டே திருத்தம் படிவத்தின் பக்கம் குனிந்தார். பேனா ஞாயிற்றின் தலையைத் தொடப் போனது. அந்த அம்மா தாளை வெடுக்கென்று உருவிக்கொண்டு வாசலை நோக்கி நடந்தார். பேனா நிற்கவில்லை. மேசைக் கண்ணாடியின் மேல், நேராக, அழுத்தமாக, ஒரு சிவப்புக் கோட்டை இழுத்து முடித்தது.