கிணற்றுக்கு முன்னால் ஒரு வேலி

எனக்குச் சிரிப்பு வியாதி உண்டு. சிரிக்கக் கூடாத இடத்தில்தான் அது வரும். பூசையில் வரும், செத்த வீட்டில் வரும். நீதிமன்றம் அனுப்பிய நில அளவையாளர் எங்கள் காணியைப் பார்க்க வந்த அன்று வந்ததுதான் எல்லாவற்றிலும் மோசம். அப்போது நான் ஏழு மாதப் பிள்ளைத்தாய்ச்சி வேறு.

மன்னார்த் தீவில், படகும் வலையும் வைத்திருந்த ஒரு சம்மாட்டி தன் காணியை எங்களுக்கு விற்பதாக உடன்படிக்கை எழுதித் தந்திருந்தார். நாங்கள் முன்பக்கத்தில் வீடு கட்டிக் குடியேறினோம். பின்பக்கத்தில் கிணறு. அயலில் எல்லாம் உவர்த் தண்ணீர், எங்களுடையது மட்டும் நல்ல தண்ணீர். இரண்டு வருடத்தில் காணி விலை ஏறியது, சம்மாட்டியின் பேச்சும் மாறியது. முன்பாதியை மட்டும்தான் விற்கச் சம்மதித்தாராம். விற்றதற்கான உறுதிப் பத்திரம் எழுத மறுத்துவிட்டார். உடன்படிக்கையில் பின் எல்லை 'வேலி' என்று மட்டும் இருந்தது. எழுதிய அன்று பின்பக்கத்தில் இருந்தது ஒரே ஒரு வேலி, அதுவும் கிணற்றுக்கு அப்பால். அதனால் எந்த வேலி என்று எழுத யாருக்கும் தோன்றவில்லை. வழக்குப் போட்டோம்.

அளவையாளர் வர இரண்டு கிழமை இருக்கையில் மடு மாதா கோயில் திருவிழாவுக்குப் போனோம். திரும்பி வந்து பார்த்தால், வீட்டுக்கும் கிணற்றுக்கும் நடுவே குறுக்கே ஒரு வேலி! யார் வீட்டு வேலியை வெட்டி வந்தார்களோ, பட்டையில் பாசி படிந்த பழைய கிளுவங்கதியால்கள், நட்டால் வேர் விட்டுத் தழைக்கிற வேலிக் கம்புகள்.

"இது எப்பவும் இஞ்சதானே நிண்டது" என்றார் சம்மாட்டி, கண்ணைக்கூடச் சிமிட்டாமல். அயலவர்கள் எல்லாரும் அவருடைய படகில் தொழிலுக்குப் போகிறவர்கள். வாய் திறப்பார்களா? அளவையாளரும் அதைப் பழைய வேலி என்று எழுதிவிட்டால் கிணறு போய்விடும். பிறக்கப்போகிற பிள்ளையைக் குளிப்பாட்டக்கூட ஊரார் படலை வாசலில் குடத்தோடு நிற்க வேண்டும்.

"தங்கச்சி, அவர் வாற நேரம் நீங்கள் வாயே திறக்கக் கூடாது" என்று எங்கள் சட்டத்தரணி இரண்டு தரம் சொல்லியிருந்தார்.

அளவையாளர் அளவுச் சங்கிலியோடும் இரண்டு ஆட்களோடும் வந்தார். சம்மாட்டி பக்கத்திலிருந்து சோடா வந்தது, நான் தேத்தண்ணி நீட்டினேன். இரண்டையும் தொடவில்லை. ஒரு மணித்தியாலம் அளந்துவிட்டுக் குறுக்கு வேலிக்கு வந்தார். பாசியை நகத்தால் சுரண்டிப் பார்த்தார்.

"பழைய வேலி போலதான் கிடக்கு" என்று பென்சிலை எடுத்தார்.

அப்போதுதான் நானும் கதியால்களைச் சரியாகப் பார்த்தேன். நான் வெள்ளாங்குளத்தில் வயலும் வேலியுமாக வளர்ந்தவள். தடித்த அடி வானத்தைப் பார்த்தபடி, மெலிந்த நுனி மண்ணுக்குள்! வெட்டிய கிளைகளின் கட்டைகள் எல்லாம் கீழ்நோக்கி நின்றன. கடலில் வலைக்குக் கம்பு இறக்குகிறவர்கள் நுனியைச் சீவித்தான் குத்துவார்கள். அந்தக் கைப்பழக்கத்தில் வேலி முழுவதையும் தலைகீழாக நட்டுவிட்டார்கள்.

எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. முந்தானையை வாய்க்குள் திணித்தேன். கணவர் கையில் கிள்ளினார். கிள்ளக் கிள்ளக் கூடியது. வயிற்றைப் பிடித்துக்கொண்டு குலுங்கினேன்.

"என்ன தங்கச்சி, என்ன பகிடி?" என்றார் அளவையாளர், கொஞ்சம் கோபமாகவே.

சட்டத்தரணியாவது, மண்ணாவது. "ஐயா, வேலி தலைகீழா நிக்குது! உப்பிடி நட்டால் தழைக்குமோ?"

சம்மாட்டிக்கு முகம் சிவந்தது. "வேலியைப் பற்றி இவ எனக்குப் படிப்பிக்கிறாவோ? எத்தினை வருசமா வேர் விட்டு நிக்குது, பாருங்கோ ஐயா!" என்று ஒரு கதியாலை இரண்டு கையாலும் பிடித்து ஆட்டினார்.

அது அப்படியே கையோடு வந்தது. மனிதர் இரண்டு அடி பின்னால் போய் மணலில் குந்திவிட்டார். கதியாலில் ஒரு மயிர் வேர்கூட இல்லை. சீவிய நுனி இன்னும் வெள்ளையாக இருந்தது. முதலில் சிரித்தவர்கள் வேடிக்கை பார்க்க நின்ற அவருடைய படகுக்காரர்கள்தான். அளவையாளர் முகத்தை இறுக்கிக்கொண்டு எழுதினார், பென்சில் மட்டும் ஆடியது.

சம்மாட்டி எழும்பிச் சாரத்தில் ஒட்டிய மணலைத் தட்டிக்கொண்டார். பிறகு பக்கத்தில் நின்ற நாலைந்து கதியால்களையும் தானே பிடுங்கிப் போட்டார்.

"உறுதி எழுதித் தாறன். போ பிள்ளை, போய்த் தண்ணியை அள்ளு."

அந்த இடைவெளியால் போனேன். வாளியைக் கிணற்றுக்குள் விட்டேன். தண்ணீரில் அது விழுந்த சத்தம் கேட்டதும் என்னை அறியாமல் ஓவென்று அழத் தொடங்கினேன். கயிற்றைக்கூட விடாமல் கிணற்றுக் கட்டில் சாய்ந்துகொண்டு அழுதேன். பிள்ளை பிறக்கப் போகிறதென்று அளவையாளர் பென்சிலை எறிந்துவிட்டு ஓடி வந்தார்.

"நோகுதோ, தங்கச்சி?"

"இல்லையய்யா" என்றேன். "கிணறு எங்கட."