வாசல் வரைக்கும்தான் பொட்டு

எங்கள் அக்கா எங்களை விட்டுப் போய் ஒரு வருடம் நிறைகிறது. மலையேறி வந்திருக்கும் சொந்தபந்தங்களுக்கும், வர முடியாமல் தபாலில் இந்த நினைவு மலரைப் பெறுகிறவர்களுக்கும் தங்கையாகிய நான் எழுதுகிறேன். ஐந்தாம் வகுப்போடு நின்றவள் நான். எழுத்தில் தப்பிருந்தால் பொறுத்துக்கொள்ளுங்கள்.

அக்காவைப் பற்றி நல்லதெல்லாம் எழுதச் சொன்னார்கள். எழுதுகிறேன். ஆனால் அவர் கடைசியாகக் கேட்டது ஒன்று உண்டு. அதை நாங்கள் செய்யவில்லை. அதைச் சொல்லாமல் மற்றதை மட்டும் எழுத எனக்குப் பயமாக இருக்கிறது.

அக்கா பிறந்தது இலங்கை மலையகத்தில், ஒரு தேயிலைத் தோட்டத்து லயத்து வரிசை வீட்டில். அப்பா தேயிலைச் செடிகளைக் கவ்வாத்து வெட்டுவார், அம்மா கொழுந்து பறிப்பார். நான் கைக்குழந்தையாக இருந்தபோது அங்கே கலவரம் வந்தது. அப்போது நடந்த ஒன்றை அக்கா என்னிடம் ஒரே ஒருமுறைதான் சொல்லியிருக்கிறார். பீன்ஸ் நறுக்கிக்கொண்டே, தலை நிமிராமல் சொன்னார்.

எனக்குக் காய்ச்சல் என்று டவுன் ஆஸ்பத்திரிக்குப் போய்விட்டு பஸ்ஸில் திரும்பியிருக்கிறோம். வழியில் ஆட்கள் மறித்து ஏறினார்கள். யாரையும் பெயர் கேட்கவில்லை, ஊர் கேட்கவில்லை. பெண்களின் நெற்றியை மட்டும் பார்த்துக்கொண்டு வந்தார்கள். பொட்டு இருந்தால் தமிழ், அவ்வளவுதான் அவர்களுக்கு. அம்மா முந்தானையால் தன் நெற்றியைத் துடைத்தார். எச்சில் தொட்டு அக்காவின் நெற்றியையும் அழித்தார். முன் சீட்டில் ஒரு பெண் ஜன்னலில் தலை சாய்த்துத் தூங்கிக்கொண்டிருந்தார். நெற்றியில் பெரிய குங்குமம். அவரை எழுப்பி இறக்கினார்கள். பஸ் கிளம்பிவிட்டது. அக்கா திரும்பிப் பார்த்தாராம். அந்தப் பெண் ரோட்டோரத்தில், எதற்கு இறக்கினார்கள் என்றே தெரியாமல், தூக்கம் கலையாத முகத்தோடு பஸ்ஸைப் பார்த்துக்கொண்டு நின்றாராம்.

“பொறவு அந்தம்மா என்ன ஆச்சு?” என்று கேட்டேன்.

“எனக்கு எப்புடித் தெரியும்? பஸ்ஸு வந்திருச்சுல்ல,” என்றார் அக்கா. மறுபடி பீன்ஸை எடுத்துக்கொண்டார்.

அதன்பிறகு கப்பல், மண்டபம் கேம்ப், கொடைக்கானல் மலை. வாட்டில் மரத்தில் பட்டை உரிக்கும் வேலை. தார்ப்பாய் குடிசை. இலங்கையில் எங்களை இந்தியாக்காரர்கள் என்றார்கள், இங்கே வந்தால் சிலோன்காரர்கள் என்றார்கள். பேசுவது தமிழ், கும்பிடுவது முருகன், இருந்தும் குழாயடியில் எங்கள் குடத்தைத் தள்ளித்தான் வைக்கச் சொல்வார்கள். “ஏன்டி, அப்ப நாம எங்கதான் நம்மாளு?” என்று அக்கா சிரிப்பார். எனக்குச் சிரிப்பு வராது. அப்பாவும் அம்மாவும் அடுத்தடுத்துப் போன பிறகு அக்காதான் என்னை வளர்த்தார். என் பள்ளிக்கூடம் நின்றதற்கு என்னைவிட அதிகம் அழுதவர் அவர்தான்.

பிறகு அத்தானைக் கட்டிக்கொண்டார். அத்தான் இந்த ஊர்க்காரர். கேரட்டும் முட்டைக்கோசும் ஏற்றிக்கொண்டு ஒட்டன்சத்திரம் மார்க்கெட்டுக்குப் போகும் லாரியில் லோடுமேன். சிலோன்காரியா என்று அவர் வீட்டில் ஒரே சண்டை. அவருடைய அக்கா, எங்கள் அக்காவுக்குப் பெரிய நாத்தனார், கல்யாணத்துக்கு வந்தும் சாப்பிடாமல் போனார்.

அந்தச் சண்டை ஆறுவதற்குள் அடுத்தது வந்தது. அக்கா வெளியே கிளம்பும்போது வாசலில் நின்று பொட்டை எடுத்து நிலைக்கதவின் உள்பக்கம் ஒட்டிவிடுவார். வெறும் நெற்றியோடுதான் தெருவில் நடப்பார். திரும்பி வந்து வீட்டுக்குள் கால் வைத்ததும் அதையே எடுத்து வைத்துக்கொள்வார். ரேஷன் கடைக்கும் அப்படித்தான், பழனி மலைக்கும் அப்படித்தான். பசை போன பொட்டுகள் நிலையிலேயே தங்கிவிடும். சிவப்பும் மெரூனுமாக ஆள் உயரத்தில் ஒரு வரிசை. புதிதாக வருகிறவர்கள் உள்ளே வந்து திரும்பினால், ஏதோ நம்மைப் பார்க்கிற மாதிரி இருக்கும்.

“கட்டுனவன் கல்லாட்டம் இருக்கையில நெத்திய அழிச்சிட்டுத் தெருவுல போறாளே, எந்தம்பி என்ன செத்தா போயிட்டான்?” என்று நாத்தனார் தெருவே கேட்கக் கேட்டார்.

அத்தான், “ஆமாக்கா. வெள்ளனே சாவேன். பொழுது சாய அவ வந்து பொட்டு வச்சான்னா உசுரு வந்துரும். சம்பளம் வாங்குற நேரத்துக்குச் சரியா இருக்கும்,” என்றார். தெரு சிரித்தது. நாத்தனார் சிரிக்கவில்லை. தெருப் பிள்ளைகள் பனிமூட்டத்தில் அக்கா எதிரே வந்தால் அந்த வெறும் நெற்றியைக் கண்டு ஒதுங்கி ஓடுவார்கள். அதுவும் அக்காவுக்குத் தெரியும்.

வட்டக்கானலில் ஒரு விடுதியில் அக்கா படுக்கை விரிப்புகள் துவைக்கும் வேலைக்குப் போனார். அங்கே வடகிழக்கு மாநிலத்திலிருந்து ஒரு பெண்பிள்ளை வேலைக்கு வந்திருந்தது. எல்லாரும் அதைச் சைனாக்காரி என்றார்கள். அக்கா மட்டும் பாப்பா என்பார், தன் சோற்றில் பாதியைக் கொடுப்பார். ஒருநாள் என்னிடம், “நமக்காச்சும் தொடச்சிக்கிறலாம். அந்தப் புள்ள மூஞ்சியக் கழட்டி எங்க வைக்கும்?” என்றார். அக்காவின் நல்ல குணத்துக்கு வேறு எதையும் எழுத எனக்குத் தெரியவில்லை.

போன வருடம் நோய் முற்றி, திண்டுக்கல் ஆஸ்பத்திரியில் இனி வீட்டுக்குக் கொண்டுபோகலாம் என்று சொல்லிவிட்டார்கள். ஒரு மத்தியானம், வெளியே மூட்டம் இறங்கிக்கொண்டிருந்தது. அக்கா என் கையைப் பிடித்தார்.

“வீட்டுக்குள்ள எம்புட்டுப் பெரிய பொட்டு வேணும்னாலும் வைங்க. ரோட்டுக்குக் கொண்டு போறப்ப தொடச்சிரணும். விளங்குச்சா?”

“அக்கா, இங்க யாருக்கா பஸ்ஸ மறிக்கப் போறா?”

“அங்கயும் முந்துன நாள் வரைக்கும் யாரும் மறிக்கலடி.”

சரி என்று சொன்னேன். அத்தானும் கேட்டுக்கொண்டு நின்றார். இரண்டு நாளில் அக்கா போய்விட்டார்.

நாத்தனார்தான் முன்னே நின்று எல்லாம் செய்தார். குளிப்பாட்டி, மஞ்சள் பூசி, ரூபாய்க் காசு அகலத்துக்குக் குங்குமம் வைத்தார். நான் தூக்கும் நேரத்தில் அக்கா சொன்னதைச் சொன்னேன். தெருப் பெண்கள் எல்லாம் வாயில் கை வைத்தார்கள்.

“சுமங்கலியாப் போறவ நெத்தியில கை வச்சீன்னா எந்தம்பி அடுத்த வருசம் இருக்க மாட்டான். அவனையும் சேத்துத் தூக்கணுமா ஒனக்கு?” என்றார் நாத்தனார்.

நான் மறுபடியும் சொல்லிப் பார்த்தேன். அத்தான் சுவரைப் பிடித்துக்கொண்டு நின்றார். பாடையைத் தூக்கிவிட்டார்கள். அன்றைக்குப் பார்த்து அப்படி ஒரு மூட்டம். தூக்குகிறவர்கள் தெரியவில்லை, பாடை தெரியவில்லை. அந்தக் குங்குமம் மட்டும் தெருமுனை வரைக்கும் தெரிந்தது. நான் அதன் பின்னாலேயே ஓடினேன். துக்கத்தில் என்று நினைத்துக்கொண்டார்கள்.

பதினாறாம் நாள் காரியம் முடிந்து கொஞ்ச நாளில், பஜாரில் கடை வைத்திருக்கும் பாய் வீட்டுக்கு வந்தார். அக்கா பொட்டு வாங்குவது அவர் கடையில்தான். உட்காரச் சொல்லியும் உட்காரவில்லை.

“தங்கச்சி, சொல்லலாமா கூடாதான்னு மூணு நாளா யோசிச்சேன். வட்டக்கானல் ரோட்டுல, சாயந்தரம் நாலு மணி இருக்கும். நல்ல மூட்டம். வளைவுல ஒரு அம்மா நின்னாங்க. வண்டி வேணுமோன்னு ஜீப்ப நிறுத்துனேன். பெரிய பொட்டு. முந்தானையப் பிடிச்சு நெத்தியத் தொடச்சிக்கிட்டே இருந்தாங்க. தொடைக்கத் தொடைக்கப் போகவே இல்ல. முகத்தை நான் சரியாப் பாக்கல. ஆனா அந்தத் தொடைக்கிற கை எனக்குத் தெரிஞ்ச கைதான்.”

அது அக்காதானா, இல்லை அந்த பஸ்ஸிலிருந்து இறக்கிய பெண்ணா என்று எனக்கு ஒரு நினைப்பு. பாயிடம் கேட்கவில்லை. கேட்டால் அவருக்கு என்ன தெரியும்.

அன்றிலிருந்து எனக்கு நிம்மதி இல்லை. அத்தான் வீட்டுக்குச் சுண்ணாம்பு அடிக்கக்கூட விடவில்லை. நிலையில் இருக்கிற பொட்டுகளில் ஒன்று காலையில் இடம் மாறியிருக்கும், சாயந்தரம் இருக்காது. “எலி இழுக்குதோ அத்தான்?” என்றேன். “போறப்ப ஒட்டுறா, வந்தா எடுத்துக்கிறா. நீ ஒன் சோலியப் பாரு,” என்றார். அவரே செய்கிறாரோ என்னவோ. அதையும் கேட்கத் துணிச்சல் இல்லை.

இந்த வருடம் நாத்தனாரின் மகன் லோடு ஏற்றிக்கொண்டு பக்கத்து மாநிலத்துக்குப் போயிருந்தபோது தண்ணீர்த் தகராறு கிளம்பியது. தமிழ்நாட்டு வண்டிகளைத் தேடி நிறுத்துகிறார்கள் என்று முன்னே போன வண்டிக்காரர் போனில் சொன்னாராம். அந்தப் பையன் ஒரு புளியமரத்தடியில் வண்டியை ஓரங்கட்டி, கண்ணாடியில் இருந்த முருகன் துணை என்ற எழுத்தைக் கத்தியால் சுரண்டியிருக்கிறான். நம்பர் பலகையில் சேறு அப்பியிருக்கிறான். நெற்றியில் இருந்த விபூதியைத் துடைத்துக்கொண்டு ஓட்டியிருக்கிறான். அதில் ஒன்றும் ஆகவில்லை, நல்லபடியாக வந்து சேர்ந்தான். ஆனால் ஊருக்குள் வந்த பிறகும் விபூதி பூசிக்கொள்ள அவன் கை போகவில்லையாம். இதை நாத்தனார் என்னிடம் வந்து சொன்னார். சொல்லிவிட்டு ரொம்ப நேரம் அந்த நிலைக்கதவைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். போகும்போது, “ஒங்கக்கா தொடச்சதெல்லாம் எந்தம்பிய இல்ல போலருக்கு,” என்றார்.

இந்த மலரை அச்சடிக்க நானும் நாத்தனாரும்தான் பழனிக்குப் போனோம். அக்காவின் போட்டோ ஆதார் அட்டைக்காக எடுத்தது ஒன்றுதான் இருக்கிறது. வெளியே எடுத்தது, அதனால் பொட்டு இல்லை. அச்சகத்துத் தம்பி கம்ப்யூட்டரில் அதைப் பெரிதாக்கிவிட்டு, “சுமங்கலிதானக்கா? பொட்டு வச்சிருவோம், எல்லாருக்கும் வைக்கிறதுதான்,” என்றார். சொல்லி முடிக்குமுன் வைத்தும்விட்டார்.

நான் பார்த்துக்கொண்டே இருந்தேன். நெற்றியைத் தவிர அவர் எதையும் தொடவில்லை. ஆனால் அக்காவின் கண் அதுவரை நேராகப் பார்த்தது, இப்போது எங்களைத் தாண்டி, கடை வாசலைப் பார்க்கிற மாதிரி இருந்தது. யார் உள்ளே ஏறுகிறார்கள் என்று பார்க்கிற பார்வை.

“எடுத்துருப்பா,” என்றார் நாத்தனார்.

“அப்ப சுமங்கலி இல்லையாக்கா?”

“சுமங்கலிதான். எந்தம்பி பொண்டாட்டி. இந்தப் பொஸ்தகம் பஸ்ஸுல போகும், தபால்ல போகும், யார் யாரு கையிலயோ போகும். எடுத்துரு, வெரசா.”

எடுத்துவிட்டார். அதனால்தான் இந்த மலரின் அட்டையில் அக்கா வெறும் நெற்றியோடு இருக்கிறார். யாரும் மனம் சங்கடப்பட வேண்டாம். அத்தான் நன்றாக இருக்கிறார். நான் தினமும் போய்ப் பார்த்துவிட்டுத்தான் வருகிறேன்.

அக்கா படுத்திருந்தபோது கஞ்சி கொண்டுவந்த தெருப் பெண்களுக்கும், ஜீப்பைக் கொடுத்த பாய்க்கும், ராத்திரி பகல் பார்க்காமல் ஊசி போட வந்த நர்சம்மாவுக்கும், மண்டபம் கேம்ப் காலத்திலிருந்து எங்களை விடாமல் இருக்கும் சொந்தங்களுக்கும், வேலை விட்டுப் போன பிறகும் போன் பண்ணி அழுத அந்தப் பாப்பாவுக்கும் எங்கள் குடும்பம் கடமைப்பட்டிருக்கிறது. முன்னே நின்று எல்லாக் காரியமும் செய்த நாத்தனாருக்கு நான் தனியாக நன்றி சொன்னால் திட்டுவார். அதனால் இங்கே சொல்லிக்கொள்கிறேன்.

உங்களிடம் கேட்பதற்கு ஒன்றுதான் இருக்கிறது. வழியில் இந்த மலரைப் பிரிக்க வேண்டாம். வீட்டுக்குக் கொண்டுபோய், கதவைச் சாத்திவிட்டு, வெளியே யாரும் இல்லை என்று ஒருதரம் பார்த்துக்கொண்டு, உங்கள் வீட்டுக் குங்குமத்தில் கொஞ்சம் தொட்டு எங்கள் அக்காவுக்கு வைத்துவிடுங்கள்.