வெயிலாச்சியைக் கொண்டுவரச் சொன்ன மனு

என் தங்கை வெயிலாச்சி அரைத் தூக்கத்திலேயே பிறந்தவள். அடுப்பில் பால் பொங்கி வழியும், இவள் பக்கத்திலேயே நின்று பார்த்துக்கொண்டிருப்பாள். "என்னடி பாக்குற?" என்றால், "நுரை வருதுக்கா" என்பாள். அருப்புக்கோட்டையில் தறிச் சத்தத்துக்கு நடுவே இத்தனை காலம் குடும்பம் நடத்தியும் அந்தச் சொக்கு அவளுக்குக் கலையவில்லை. எனக்கு எரிச்சலாக வரும். கொஞ்சம் பொறாமையும் உண்டு.

புருஷன் போன பிறகு அது கூடிப்போயிற்று. ஒருநாள் சந்தைக்குப் போனவள் ஊருணிக் கரையில் உட்கார்ந்து, பொழுது சாய்ந்தது தெரியாமல் தண்ணீரைப் பார்த்துக்கொண்டே இருந்துவிட்டாள். மகன் தவசி பயந்துபோனான். அன்றிலிருந்து அவனும் மருமகளும் வேலைக்குக் கிளம்பும்போது வெளிக்கதவைப் பூட்டிச் சாவியை எடுத்துக்கொண்டு போனார்கள். நான் பக்கத்துத் தெரு. போனால் ஜன்னல் வழியாகத்தான் பேச்சு. "காத்து வருதுக்கா" என்பாள்.

ஒரு திங்கட்கிழமை அவசரத்தில் பூட்ட மறந்தார்கள். சாயங்காலம் வந்து பார்த்தால் ஆளைக் காணோம். சோறு மட்டும் வடித்து மூடி வைத்திருந்தது.

தவசி தேடாத இடமில்லை. சரியாகச் சாப்பிடவும் இல்லை, பிள்ளை பாதியாகிவிட்டான். ஸ்டேஷனில், "வயசுப் பொண்ணா என்ன? கோயில் குளம்னு போயிருக்கும், வந்துரும்" என்று அனுப்பிவிட்டார்கள். கடைசியில் மதுரை ஐகோர்ட்டில் ஆட்கொணர்வு மனு போடுவதென்று முடிவாயிற்று. வக்கீல் கேட்டார்: "யாரு அடைச்சு வச்சிருப்பாங்கன்னு சந்தேகப்படுறீங்க?"

எங்கள் குடும்பத்தில் இந்த மாதிரிக் கேள்விக்கெல்லாம் குறி சொல்கிற கோடாங்கிதான் பதில் சொல்ல வேண்டும். அவர் உடுக்கையை அடித்துக் கண்ணை மூடி, "பெரிய மீசைக்காரன் கைவசம் இருக்கா. பக்கத்துல தண்ணி தெரியுது" என்றார். எங்கள் பக்கம் பெரிய மீசை என்றால் ஷேர் ஆட்டோ இருளப்பன்தான். அவன் பெயர் மனுவில் ஏறிவிட்டது.

இருளப்பன் என் வீட்டு வாசலுக்கே வந்துவிட்டான். "ஏக்கா, மீசை வச்சது ஒரு குத்தமா? எம் பொஞ்சாதி எனக்குச் சோறே போட மாட்டேங்கிறா."

"எனக்கென்னப்பா தெரியும், உடுக்கையைப் போய்க் கேளு" என்றேன்.

ஆனால் போலீஸ் விசாரித்தபோது ஒரு விஷயம் வெளியே வந்தது. வெயிலாச்சியை அன்றைக்கு பஸ் ஸ்டாண்டில் இறக்கிவிட்டது அவன்தான். "கடலுக்கு எந்த பஸ்னு கேட்டாங்க சார். ராமநாதபுரம் வண்டியைக் காட்டிவிட்டேன்." அந்த வழியைப் பிடித்துக்கொண்டு போய், கடலோரத்து மண்டபம் ஊரில் ஒரு நண்டுக் கம்பெனியில் அவளைக் கண்டுபிடித்தார்கள். அவித்த நண்டை உடைத்துச் சதை எடுக்கிற வேலை.

கோர்ட்டில் எங்கள் முறை வருவதற்குள் மத்தியானமாகிவிட்டது. தாழ்வாரத்து பெஞ்சில் நான் பாதி உறங்கிக்கொண்டிருந்தேன். கடல் வாடை வந்தது. கண்ணைத் திறந்தால் வெயிலாச்சி, கூடவே ஒரு பெண் போலீஸ். விரலெல்லாம் நண்டு ஓடு கீறிய தழும்பு, முகத்தில் மட்டும் நல்ல தெளிவு. என் பக்கத்தில் உட்கார்ந்தாள்.

"அக்கா, அங்க உச்சி வெயில்ல தண்ணியும் வானமும் ஒண்ணாயிருது. எது எங்க முடியுதுன்னே தெரியல. வேலை முடிஞ்சு அதைப் பார்த்துக்கிட்டே நடப்பேன். யாரும் என்ன பாக்குறன்னு கேக்க மாட்டாங்க."

கேட்கக் கேட்க எனக்கும் காலடியில் மணல் இருப்பதுபோல் இருந்தது. எதற்கு வந்தோம் என்பதே மறந்துபோயிற்று.

தவசி வந்து அவள் முன்னால் குத்துக்காலிட்டான். "வீட்டுக்கு வந்துரும்மா. ஊரே சிரிக்குது."

"ஏன்டா இப்படி மெலிஞ்சுபோன?" என்றாள்.

உள்ளே கூப்பிட்டார்கள். இரண்டு நீதிபதிகள். ஒருவர் தமிழிலேயே, தன்மையாகக் கேட்டார்: "பயப்படாமச் சொல்லுங்கம்மா. உங்களை யாராவது அடைச்சு வச்சிருக்காங்களா?"

இருளப்பன் மீசையைத் தடவிக்கொண்டு ஓரமாக நின்றான். இல்லை என்று ஒரு வார்த்தை சொன்னால் முடிந்தது. வெயிலாச்சி அவசரப்படவில்லை. மகனை ஒருதரம் பார்த்தாள், பார்வையில் கோபமே இல்லை.

"இப்ப இல்லைங்கய்யா" என்றாள்.

தவசி தலையைக் குனிந்துகொண்டான். விருப்பப்பட்ட இடத்துக்கு அவள் போகலாம் என்று மனுவை முடித்துவிட்டார்கள். வெளியே வந்து அவன் முகத்தை முந்தானையால் துடைத்துவிட்டாள், பிறகு பஸ்ஸுக்கு நடந்தாள். எனக்கு அழுகையாக வந்தது, ஆனாலும் நான் அவளைக் கூப்பிடவில்லை.