அம்மன் ஆடினால் பக்தி

இன்று காலை முதல் வேலையாகக் கதவின் கீழ் இடைவெளியில் துவாயைத் திணித்தேன். பிறகுதான் கற்பூரம் கொளுத்தினேன். மணம் வெளியே போனால் பக்கத்து வீட்டார் முறைப்பாடு செய்வார்கள்.

லிஃப்டில், மேல்மாடிப் பிரேசில் நடிகை தலை முதல் கால் வரை வெள்ளையில் நின்றாள். ராணுவ ஆட்சிக்குத் தப்பி, நம்மைப் போலவே இந்த அந்நிய நாட்டுக்கு வந்தவள். "யார் இறந்தது?" என்று பதறிக் கேட்டுவிட்டேன்.

சிரித்தாள். ஆப்பிரிக்காவிலிருந்து அடிமைகளாய்க் கொண்டுவரப்பட்ட அவளுடைய முன்னோரின் தெய்வத்துக்கு வெள்ளிக்கிழமை உகந்த நாளாம். அன்று வெள்ளைதான் உடுப்பார்களாம்.

அந்தத் தெய்வங்களைத்தான் அவள் மேடையில் ஆடுகிறாள். நாளை நமது தமிழ்ச் சங்க விழாவில் ஆட அவளை அழைத்ததும் நான்தான். நேற்றுத் தலைவர் மறுத்துவிட்டார்.

"உந்தப் பேயாட்டம் எங்கட மேடையில வேண்டாம், பிள்ளை."

"ஊரில அம்மனுக்கு உரு வந்து ஆடுறது என்னண்ணை?"

"அது பக்தி. உது வேற."

அதை அவளிடம் சொல்ல வேண்டியதாயிற்று.

"என் நாட்டில் கறுப்பு நடிகைக்கு வேலைக்காரி வேடம் மட்டும் தருவார்கள். உங்கள் ஆட்களுக்காவது புரியும் என்று நினைத்தேன்," என்றாள். "பரவாயில்லை, நாளை என் வீட்டிலேயே ஆடுகிறேன்."

நம் ஆட்களுக்குப் புரியும் என்றுதான் நானும் நினைத்திருந்தேன். கதவுக்குத் துவாய் திணித்துச் சாமி கும்பிடுகிற நாமே இன்னொருத்தியின் தெய்வத்தைப் பேய் என்கிறோம். இனி யாரிடம் பேசி என்ன?

விழாவில் தேவாரம் நான் பாடுவதாக இருக்கிறது. அந்த நேரத்தில் மேல்மாடியில் அவள் வீட்டில் இருப்பேன். வீட்டில் இவருக்குக்கூட இன்னும் சொல்லவில்லை.

நாளை எனக்குப் பதிலாகப் பாட, உங்களில் யாருக்காவது தேவாரம் பாடமா?