கூட்டம் போட்டுத் தீர்மானித்த பேரழிவு

என் மனுசன் இந்தப் பிரபஞ்சத்தை எத்தனையோ தடவை கைப்பற்றியிருக்கிறார். எல்லாம் வாயால். கணினித் திரையில் ஒருதரமும் இல்லை. ஆட்டம் பாதி தாண்டியதும் இரண்டு கைகளையும் தலைக்கு மேலே தூக்கிச் சோம்பல் முறிப்பார். "இனி என்ன, முடிஞ்சுதுதானே. நான் வெண்டமாதிரித்தான்" என்று சொல்லிவிட்டு மண்வெட்டியைத் தோளில் வைத்துக்கொண்டு வயலுக்குப் போய்விடுவார். வென்ற மாதிரியாம்! பூக்காத நெல்லைப் பார்த்து அறுத்த மாதிரித்தான் என்று யாராவது சொன்னால் இவர் விடுவாரா? எனக்குப் பற்றிக்கொண்டு வரும்.

கணினி, மகளின் இணைய வகுப்புகளுக்காக வாங்கியது. அவள் வவுனியாவுக்குக் கம்பஸ் படிக்கப் போனபோது மடிக்கணினி ஒன்றைக் கொண்டுபோனாள். பழையது முன்னறையில் மிஞ்சியது, அதற்குள் அவள் விளையாடிய விண்வெளி ஆட்டமும் மிஞ்சியது. மாரிமழை பிடித்தால் எங்கள் ஊர் முரசுமோட்டையில் வயல் பாட்டுக்கு வயல் கிடக்கும். மத்தியானச் சோற்றுக்குப் பிறகு மழையைப் பார்த்துக்கொண்டு எவ்வளவு நேரம்தான் இருப்பது? முதலில் அவர் தொட்டார், பிறகு நான் தொட்டேன், பிறகு இரண்டுபேரும் விடவில்லை.

ஆட்டம் பெரிய வித்தை இல்லை. ஆளுக்கு ஒரு கோள் தருவார்கள். அதில் சனத்தைப் பெருக்கி, பயிர் செய்து, கப்பல் கட்டி, பக்கத்துக் கோள்களைப் பிடித்துக் குடியேற்ற வேண்டும். ஒரே கணினி, ஒரே மவுஸ். அவர் ஒரு சுற்று, நான் ஒரு சுற்று. கடைசிச் சுற்று முடிந்ததும் கணினி புள்ளி போடும். கோளைவிடச் சனத்துக்குத்தான் புள்ளி கூட. பிறகு வென்றவரின் கொடியோடு முழுத்திரைக்கும் ஒரு படம் வரும் என்று மகள் சொல்லியிருந்தாள். என் கொடி மஞ்சள் நிலத்தில் பச்சைக் கதிர். நிறம் தெரிவு செய்ய எனக்கு ஒரு மத்தியானம் முழுக்கச் சென்றது. அதை அந்தப் படத்தில் ஒரே ஒருதரம் பார்க்க வேண்டும். அவ்வளவுதான் என் ஆசை. சிரிக்கிறவர்கள் சிரிக்கட்டும்.

இவர் எழும்பிப் போனால் அது நடக்குமா? அவருடைய ஆட்டம் மூன்றுமாத நெல். தொடக்கத்திலேயே கப்பலைக் கட்டி, கண்ட கண்ட கோளையெல்லாம் பிடித்து, என்னை ஒரு பக்கத்தில் ஒதுக்கிவிடுவார். நான் மொட்டைக்கறுப்பன் நெல். ஆறுதலாக முளைத்து, ஆறுதலாகக் கதிர் விட்டு, களஞ்சியங்களை நிரப்பி, சனத்தைப் பெருக்கி நிமிரும்போது பக்கத்தில் அவர் இருந்த கதிரை வெறுமையாகக் கிடக்கும்.

அவர் பக்கத்திலும் ஒரு நியாயம் இருந்தது என்பதை மறைக்கவில்லை. பிற்பகுதி உண்மையிலேயே இழுவை. ஒவ்வொரு கப்பலாக நகர்த்த வேண்டும், ஒவ்வொரு சண்டையையும் படமாகப் பார்க்க வேண்டும். ஒரு சுற்றை முடித்துப் பொத்தானை அமத்தினால், பழைய கணினி யோசித்து முடிக்க நான் குசினிக்குப் போய்த் தேங்காய் துருவிவிட்டு வரலாம்.

"பிந்தின பக்கம் சரியான அலுப்பப்பா" என்பார்.

"அலுப்பில்லை. நான் எட்டிப் பிடிச்சிடுவன் எண்ட பயம்."

"உமக்கோ பயப்பிடுறது? விசர்க்கதை கதையாதையும்."

இந்தச் சண்டை ஒருநாள் வேலிக்கு அப்பால் கேட்டுவிட்டது. வேலிக்கு அப்பால் இருப்பவர் அவருடைய தமக்கை, எனக்கு மச்சாள். எங்கள் கமக்காரர் அமைப்பின் செயலாளர் அவாதான். மழைக்குத் தலையில் பசளைப் பையைக் கவிழ்த்துக்கொண்டு வந்து நின்றா. இரண்டுபேரின் வழக்கையும் கேட்டா. கேட்டுவிட்டு, "கூட்டம் வைக்காமல் ஆரும் விதைப்பினமோ? அதுதான் உங்கட பிழை" என்றா.

இரணைமடுக் குளத்துத் தண்ணீரில் பயிர் செய்கிற எங்களுக்கு இது விளங்கும். போகம் தொடங்குமுன் கூட்டம் வைத்து, எந்தத் தேதியில் துருசைத் திறந்து வாய்க்காலுக்குத் தண்ணீர் விடுவது, எந்தத் தேதிக்குள் விதைத்து முடிப்பது, எந்தத் தேதியோடு தண்ணீரை நிறுத்துவது என்று எல்லாவற்றையும் முடிவெடுப்பார்கள். வாய்க்கால் தலைப்பில் காணி உள்ளவர் ஒன்று சொல்வார், கடைசியில் காணி உள்ளவர் வேறொன்று சொல்வார், கத்துவார்கள், கதிரையைத் தள்ளிவிட்டு எழும்புவார்கள். ஆனால் முடிவானால் முடிவுதான். சொன்ன தேதியில் தேங்காய் உடைத்துக் கற்பூரம் கொளுத்தித் துருசைத் திறந்துவிடுவார்கள்.

மச்சாள் கணினிக்கு முன்னால் நடுக்கதிரையில் இருந்தா. நான் ஆட்டத்தின் செட்டிங்ஸ் பக்கத்தைத் திறந்தேன். எத்தனை தடவை விளையாடியிருப்போம், அந்தப் பக்கத்தை ஒருதரமும் எட்டிப் பார்க்கவில்லை. ஆட்டத்தின் வேகத்தைக் கூட்டவும் குறைக்கவும் அங்கே எல்லாம் கிடந்தன. சண்டைப் படங்களை நிறுத்தலாம். சின்னக் கோள்களைக் கணினியே பார்க்கும்படி விடலாம். ஆராய்ச்சியை மலிவாக்கலாம், சனம் பெருகும் வேகத்தை மாற்றலாம். எல்லாவற்றுக்கும் கீழே பேரழிவு என்று ஒரு வரி. பிற்பகுதி அலுக்காமல் இருக்க, வெளியே இருந்து பொதுவான எதிரி ஒன்றை அனுப்புவார்களாம். அது எந்தச் சுற்றில் என்பதை நாங்களே போடலாம்.

"பேரழிவைக் கெதியா விடுவம் அக்கா. ஆராய்ச்சியையும் கெதியாக்குவம். நாலு மத்தியானத்தில முடியவேணும்" என்றார் இவர்.

"உங்களுக்கென்ன, வாய்க்கால் தலைப்பில இருக்கிற ஆக்கள் மாதிரிக் கதைக்கிறியள். என்ர சனம் பெருக நாள் வேண்டாமோ?"

"ஒராள் கதைச்சு முடியத்தான் மற்றாள்!" மச்சாள் மேசையில் தட்டினா.

ஒரு மாதிரி முடிவுக்கு வந்தோம். சண்டைப் படங்கள் இல்லை. ஆராய்ச்சி நடுத்தரம். சனம் பெருகும் வேகம் நான் கேட்டபடி. பேரழிவு நூற்றைம்பதாம் சுற்று, ஆட்டம் முடிவது நூற்றெண்பதாம் சுற்று. மேலதிகமாக மச்சாள் தன் அதிகாரத்தில் ஒரு விதி சேர்த்தா: தேத்தண்ணிக்கும் ஒண்டுக்கும், பொழுதுபட்டு அன்றைய ஆட்டத்தை நிறுத்துவதற்கும் தவிர, கடைசிச் சுற்றுவரை ஒருத்தரும் கதிரையை விட்டு எழும்பக்கூடாது. எழும்பினால் தோல்வி. இவர் முகத்தைப் பார்க்க வேண்டுமே! எனக்கு உள்ளுக்குள் ஒரே புளுகம், சிரிப்பை அடக்கிக்கொண்டேன்.

ஆட்டம் நன்றாகத்தான் ஓடியது. இழுவை இல்லை. நூறு தாண்டியபோது சனத்தில் நான் அவரை எட்டினேன். நூற்றிருபதில் முந்தினேன். அவருக்குக் கதிரை சுடத் தொடங்கியது, ஆனால் மச்சாள் பக்கத்தில் கடலை உடைத்துக்கொண்டு இருந்தா.

பிறகு பேரழிவின் தேதி கிட்டியது. துருசு திறக்கும் நாளுக்கு வரம்பு கட்டுகிற மாதிரி இரண்டுபேரும் ஆயத்தப்பட்டோம். அவர் பயிரைக் கைவிட்டு முழுக்க முழுக்கக் கப்பல் கட்டினார். நானும் பயத்தில் என் பங்குக்குக் கட்டினேன். நூற்றைம்பதாம் சுற்றில் எல்லாக் கப்பல்களும் எல்லையில் வரிசையாக நின்றன.

"கற்பூரம் கொளுத்தட்டோ?" என்று கேட்டா மச்சாள்.

பொத்தானை அமத்தினோம். ஒன்றும் வரவில்லை. அடுத்த சுற்றிலும் வரவில்லை. அதற்கடுத்ததிலும் இல்லை. வாசலில் நிற்கும் கப்பல் சும்மா நிற்குமா? தின்னும். அவருடைய களஞ்சியம் வழித்துத் துடைத்தாயிற்று. சனம் பசியில் முறுகத் தொடங்கியது.

"இஞ்சேரும்…" குரலில் தேன் வடிந்தது. "கொஞ்ச நெல்லுத் தாருமன்."

ஆட்டத்தில் நெல் கிடையாது, உணவு என்று பொதுவாக ஒன்று உண்டு. அவருக்கு எல்லாம் நெல்தான். நான் இரண்டு கோள்களை எழுதி வாங்கிக்கொண்டு கொடுத்தேன். எனக்கு அதில் துளியும் வெட்கம் இல்லை.

"இது வராது. இந்தப் போகம் இல்லை" என்று கடைசியில் அவர் தீர்மானித்தார். எனக்கும் அப்படித்தான் பட்டது. கூட்டத்தில் எடுத்த தேதியில் வராதது பிறகு ஏன் வரப்போகிறது? இரண்டுபேரும் கப்பல்களைக் கலைத்துவிட்டு மறுபடி பயிருக்கு இறங்கினோம். நூற்றெழுபதாம் சுற்றில் என் கீழ்ப்பக்கத்துக் கோள் ஒன்று திரையில் கறுத்துப்போனது.

மச்சாள் கண்ணாடியைப் போட்டுக்கொண்டு செட்டிங்ஸ் பக்கத்தைத் திறக்கச் சொல்லி, பேரழிவு வரிக்குக் கீழே பொடி எழுத்தில் கிடந்ததை எழுத்துக் கூட்டி வாசித்தா. அந்தச் சுற்றிலிருந்து எப்போது வேண்டுமானாலும் வரலாம் என்று போட்டிருந்தது.

"இதை அண்டைக்கே வாசிச்சிருக்கலாமெல்லோ!" என்று பாய்ந்தேன்.

"நீங்கள் ரெண்டுபேரும் என்னை எங்க வாசிக்க விட்டனியள்?"

எதிரி சுற்றுக்கு ஒரு கோளாக விழுங்கிக்கொண்டு வந்தான். கப்பல் கட்ட நேரமில்லை. நான் சனத்தை நகர்த்தத் தொடங்கினேன். குடிபெயர்த்தல் என்று ஒரு பொத்தான் இருக்கிறது, அதை அதுவரை தொட்டதே இல்லை. அடுத்து எந்தக் கோள் கறுக்கும் என்று தெரிந்ததும் அங்கிருந்த சனத்தை அதற்குப் பின்னால் உள்ள கோளுக்கு ஏற்றினேன். அடுத்த சுற்றில் அதற்கும் பின்னால். என் கை தன்பாட்டில் ஓடியது.

"சனத்தை ஏன் இழுத்துக்கொண்டு திரியுறாய்? பேசாமல் இரு" என்றா மச்சாள். அவா விரல் விட்டு எண்ணிப் பார்த்திருந்தா. "சுற்றுக்கு ஒரு கோள் போனாலும் முடிவில நீதான் முன்னுக்கு. ஒண்டும் செய்யாமல் இரு, வெண்டிட்டாய்."

அவா சொன்னது சரி. நானும் எண்ணிப் பார்த்தேன். அப்படியே விட்டால் பாதிச் சனம் அழியும், மிச்சப் பாதி போதும், படத்தில் என் கதிர்க்கொடி வரும். இது வெறும் எண்கள், புள்ளிகள், மகள் விட்டுப்போன விளையாட்டு என்று எனக்கு நானே சொன்னேன். சொல்லிக்கொண்டே அடுத்த கோளையும் வெளியேற்றினேன். கடைசியில், ஓரத்தில் தனியே கிடந்த கோள் ஒன்றில் எல்லாரையும் குவிக்கப் போனேன்.

"அங்க விடாதையும்" என்றார் இவர். "அது மூலை."

விளையாட்டுக் குரல் இல்லை. நான் திரும்பிப் பார்த்தேன். மகளை இடுப்பில் வைத்துக்கொண்டு, யுத்தத்தின் கடைசி மாதங்களில் இந்த முரசுமோட்டையிலிருந்து கிழக்கே கிழக்கே என்று கடற்கரைவரை நகர்ந்தவர்கள் நாங்கள். மூலை என்றால் என்னவென்று எங்களுக்கு யாரும் விளக்கத் தேவையில்லை. அவர் திரையை விட்டுக் கண்ணை எடுக்காமல் இருந்தார்.

"என்ர பக்கம் அனுப்பும். இடம் கிடக்கு."

"உங்கட பக்கம் வந்தால் அதுகள் உங்கட கணக்கில எல்லோ விழும்?"

"ஓம்."

"தெரிஞ்சுகொண்டுதான் கேக்கிறியளோ?"

"தெரிஞ்சுதான். அனுப்பும்."

மச்சாள் வாய்க்குள் கடலையோடு, "அனுப்பினியெண்டால் தோத்தாய், சொல்லிப்போட்டன்" என்றா. எனக்கு அழுகை வந்தது. கோபத்தில்தான், அப்படித்தான் அப்போது நினைத்தேன். இத்தனை மத்தியானம் இருந்து இருந்து பெருக்கிய சனம்! எல்லை திறந்துவிட அவருக்குச் சம்மதம் என்று திரையில் ஒரு பெட்டி வந்தது. நான் அதை அமத்தினேன். முதலில் கீழ்ப்பக்கத்துச் சனம், பிறகு நடுக்கோள்களில் நெருக்கியடித்துக் கிடந்த சனம். அவருடைய களஞ்சியம் காலி என்று எனக்குத் தெரியும். ஆகவே என்னிடம் இருந்த உணவு எல்லாவற்றையும் பின்னால் ஏற்றி அனுப்பினேன். அவர் தன் சுற்று வரும்போதெல்லாம் வேறு ஒன்றும் செய்யாமல், வந்தவர்களுக்குக் குடியிருப்புகள் கட்டிக்கொண்டிருந்தார். கறுப்பு என் வெறும் கோள்களை ஒவ்வொன்றாகத் தின்றுகொண்டு வந்து அவருடைய எல்லையைத் தொட்டபோது நூற்றெண்பதாம் சுற்று முடிந்தது.

பழைய கணினி நெடுநேரம் யோசித்தது. பிறகு ஒரு பெரிய வாத்திய இசையோடு அந்தப் படம் வந்தது. சிவப்பு நிலத்தில் உழவு இயந்திரம், அவருடைய கொடி. அதன் கீழே வெற்றி என்று ஆங்கிலத்தில் பொன்னெழுத்து. மச்சாள் "வெண்டிட்டாயடா!" என்று அவர் முதுகில் ஒரு தட்டுத் தட்டினா.

அவர் படத்தைப் பார்க்கவில்லை. என்னைத்தான் பார்த்தார்.

"சனம் முழுக்க வந்து சேந்திட்டுதோ?"

நான் படத்தை மூடிவிட்டு அவருடைய கோள்களை ஒவ்வொன்றாகத் திறந்து பார்த்தேன்.

"ஓம்" என்றேன். "எல்லாரும் வந்திட்டினம்."