எத்தியன் சார் பேசிய தமிழ்

எத்தியன் சார் போய்விட்டார். பாண்டி பக்கம் குயிலாப்பாளையத்தில், இன்று காலை. இப்போதுதான் போன் வந்தது...

உங்களில் பலருக்கு அவரைத் தெரியாது. பிரெஞ்சு நடிகர், பிரான்சில் எல்லாருக்கும் தெரியும். நாடகத்தில் ஆரம்பித்து, சினிமாவில் வில்லனுக்குப் பக்கத்தில் நிற்கிற ஆளாக வந்து, கடைசியில் ஒரு டிவி சீரியலில் வருஷக்கணக்காக இன்ஸ்பெக்டராக நடித்தவர்.

ஒருமுறை பாண்டி பேக்கரியில், பிரான்சில் பல வருஷம் வேலை பார்த்துவிட்டு வந்து பிரெஞ்சு பென்ஷன் வாங்கும் நம்மூர்ப் பெரியவர் ஒருவர் "அட, நம்ம இன்ஸ்பெக்டரு!" என்று சல்யூட் அடித்தார். சார் வெட்கப்பட்டு அவருக்கு கேக் வாங்கிக் கொடுத்தார்.

ரிட்டயர் ஆகி இங்கே வந்தவரை மறுபடி நடிக்க இழுத்தது நான்தான். மரக்காணம் உப்பளத்தில் எங்கள் சீரியல் ஷூட்டிங், நான் அசோசியேட் டைரக்டர். உப்பு வரி கேட்டு வரும் வெள்ளைக்கார துரை வேஷம். ஒரே சீன்.

"தமிழ் நானே பேசுவேன் தம்பி. என் குரல் வரணும்."

"கண்டிப்பா சார்" என்றேன்.

தினமும் பஸ் பிடித்துப் போய், உப்பு வாரும் செல்வி அக்காவிடம் டயலாக் கற்றுக்கொண்டார். "நான் வாரிக்கிட்டே சொல்றேன், அவரும் செருப்பைக் கழட்டிட்டு பாத்தியில எறங்கிடறாருப்பா. காலெல்லாம் புண்ணு" என்று அக்கா என்னிடம் சொன்னார்.

ஷூட்டிங்கில் ஒரே டேக். "யோவ், துரை நம்மூரு ஆளாட்டம் பேசறாருய்யா!" என்று உப்பளத்து ஆட்கள் கை தட்டினார்கள்.

டப்பிங் தியேட்டரில் நான்தான் வாயைத் திறந்தேன். "இவ்ளோ நல்லா தமிழ் பேசினா வெள்ளைக்காரன்னு எவன் சார் நம்புவான்?" டைரக்டரும் தலையாட்டினார். ஒரு மிமிக்ரி ஆர்ட்டிஸ்ட்டைக் கூப்பிட்டு, "நீ வர்ரி கட்ட மாட்டான்?" ரேஞ்சுக்குப் பேசவைத்தோம். நான் விழுந்து விழுந்து சிரித்தேன் வேறு.

சாரிடம் சொல்லவில்லை.

சீன் டிவியில் வந்த அன்று, டீக்கடையில் எல்லாரையும் உட்காரவைத்துப் பார்த்திருக்கிறார். செல்வி அக்காவும் போயிருக்கிறார். என்னையும் கூப்பிட்டார். போகவில்லை... எந்த முகத்தோடு போவது?

மறுநாள் போன்.

"தம்பி, நான் அவ்வளவு மோசமா பேசிட்டேனா?"

கோபமாகக் கேட்டிருந்தால் உண்மையைச் சொல்லியிருப்பேனோ என்னவோ. "ஆமா சார்... கொஞ்சம் புரியல, அதான்" என்றேன். சே, என்ன மனுஷன் நான்!

"சாரி தம்பி, உங்களுக்குக் கஷ்டம் குடுத்துட்டேன்" என்றார். அவர் என்னிடம் சாரி கேட்டார்!

அப்புறம் இரண்டு படத்துக்குக் கூப்பிட்டார்கள். "என் தமிழ் பத்தாது" என்று மறுத்துவிட்டார். அப்போதாவது சொல்லியிருக்கலாம். பயம்.

இப்போது போன் செய்தது செல்வி அக்காதான். "டிவியில வந்ததுக்கு அப்புறம் என்கிட்டகூட தமிழ்ல ஒரு வார்த்தை பேசலப்பா. பார்த்தா கும்பிடுவாரு, சிரிப்பாரு, போயிடுவாரு..."

அக்காவிடமும் நான் ஒன்றும் சொல்லவில்லை. போனை வைத்துவிட்டு இதை எழுதுகிறேன்.

நல்லபடியாகப் போய் வாருங்கள் சார். உங்கள் தமிழ் நன்றாக இருந்தது. நன்றாக இருந்ததால்தான் மாற்றினேன்.